அப்கிரேடு முடிந்தது... கேம் எங்கே போனது?

விண்டோஸ் மாறும் காலத்தில் வீடுதோறும் காணாமல்போகும் கணினி விளையாட்டுகள். எவை திரும்பி வரும், எவை வராது, ஏன்?

படகுத்துறையில் விமானத்தைக் காணவில்லை.

'கிராண்ட் தெஃப்ட் ஆட்டோ: சான் ஆண்ட்ரியாஸ்' விளையாட்டில் ஸ்கிம்மர் என்றொரு சிறிய கடல் விமானம் உண்டு. தண்ணீர்மேல் மிதந்தபடி நிற்கும். நீந்திப் போய் ஏறி உட்கார்ந்தால், அலையைக் கிழித்து ஓடி வானத்தில் எழும். 2005-ல் அந்த விளையாட்டு கணினிக்கு வந்த நாளிலிருந்து அது அங்கேதான் நின்றது. 2024 அக்டோபரில் விண்டோஸ் 11-ன் 24எச்2 பதிப்பு வெளியானது. கணினியை அந்தப் பதிப்புக்கு மாற்றியவர்கள் மறுபடி விளையாட்டைத் திறந்தார்கள். சாலைகள் இருந்தன, கார்கள் இருந்தன, கடல் இருந்தது. ஸ்கிம்மர் மட்டும் எங்குமே இல்லை. தனி நிரல் எழுதி அதை வரவழைத்தவர்களின் கதாபாத்திரத்தை அது கண்ணுக்கெட்டாத உயரத்துக்குத் தூக்கி எறிந்தது.

சைலன்ட் என்ற புனைபெயரில் பழைய விளையாட்டுகளைப் பழுது பார்த்துவரும் புரோகிராமர் ஒருவர் இதைத் தோண்டி, 2025 ஏப்ரலில் காரணத்தை வெளியிட்டார். வண்டிகளின் அளவுகளைப் பட்டியலிடும் கோப்பில் ஸ்கிம்மருக்கான வரியில் சக்கர அளவு எழுதப்படவே இல்லை. இதற்கு முந்தைய 'வைஸ் சிட்டி' விளையாட்டில் அது படகு வகையில் இருந்தது. படகுக்குச் சக்கரம் எதற்கு? விமான வகைக்கு மாற்றியபோது, விடுபட்ட எண்ணைச் சேர்க்க மறந்திருக்கிறார்கள். அதற்கு முந்தைய வரியில் வேறொரு வண்டிக்காகப் படித்த எண் நினைவகத்தில் மிச்சமிருந்ததால், இத்தனை காலம் அதை வைத்து ஸ்கிம்மர் பறந்துகொண்டிருந்தது. புதிய விண்டோஸ் அந்த நினைவக இடத்தை வேறு வேலைக்குப் பயன்படுத்திக்கொண்டது. மிச்சமிருந்த எண் போனது. விமானமும் போனது.

விளையாட்டில் ஒரு கோப்புகூட மாறவில்லை. மாறியது அதைத் தாங்கி நின்ற தளம் மட்டும்தான்.

இப்போது ஏன் இந்தப் பேச்சு?

2025 அக்டோபர் 14-ம் தேதியோடு விண்டோஸ் 10-க்கான வழக்கமான ஆதரவை மைக்ரோசாஃப்ட் நிறுத்திவிட்டது. தனியாகப் பதிவு செய்துகொள்ளும் வீட்டுப் பயனாளர்களுக்கு மட்டும் 2026 அக்டோபர் 13 வரை பாதுகாப்பு அப்டேட்டுகள் கிடைக்கும். அதனால் பத்தாண்டு காலம் விண்டோஸ் 10-ல் ஓடிய கணினிகள் கூட்டம் கூட்டமாக விண்டோஸ் 11-க்கு மாறிக்கொண்டிருக்கின்றன.

மாறியதும் வீட்டில் எழும் முதல் குரல் பெரும்பாலும் பிள்ளைகளுடையது: "என் கேம் எங்கே?" டெஸ்க்டாப்பில் ஐகான் இல்லை, அல்லது வெள்ளைத்தாள் படமாக நிற்கிறது. விளையாட்டுகளை வாங்கவும் இயக்கவும் உதவும் ஸ்டீம் போன்ற லாஞ்சரைத் திறந்தால், ஏற்கெனவே இருந்த விளையாட்டுக்கு நேராக 'இன்ஸ்டால்' என்று புதிதாகக் கேட்கிறது. பதற்றத்தில் பலர் செய்வது இரண்டு காரியங்கள்: மொத்தத்தையும் மறுபடி டவுன்லோடு செய்வது, அல்லது 'ஃபார்மட் அடித்து' முதலிலிருந்து ஆரம்பிப்பது. இரண்டாவது காரியம்தான் உண்மையான அழிவு. அதுவரை அந்த விளையாட்டு பெரும்பாலும் கணினிக்குள்ளேயேதான் இருக்கிறது.

காணாமல்போகும் விளையாட்டுகள் மூன்று வகை. இருந்தும் தெரியாதவை, தெரிந்தும் ஓடாதவை, நிஜமாகவே பறிபோனவை. எந்த வகை என்று தெரிந்தால்தான் என்ன செய்வதென்று தெரியும்.

வீடு இருக்கிறது, முகவரிதான் இல்லை

ஒரு விளையாட்டை இன்ஸ்டால் செய்யும்போது இரண்டு வேலைகள் நடக்கின்றன. விளையாட்டின் கோப்புகள் ஒரு ஃபோல்டரில் போய் உட்காருகின்றன. அவை எங்கே உட்கார்ந்திருக்கின்றன என்ற குறிப்பு விண்டோஸின் ரெஜிஸ்ட்ரியிலும் லாஞ்சரின் பதிவேட்டிலும் ஏறுகிறது. 'கோப்புகளையும் ஆப்களையும் வைத்துக்கொள்' என்று தேர்ந்தெடுத்து அப்கிரேடு செய்தால் இரண்டும் தப்பிக்கும். 'என் கோப்புகளை மட்டும் வைத்துக்கொள்' என்று தேர்ந்தெடுத்தாலோ, கடையில் கொடுத்துப் புதிதாக ஓ.எஸ். போட்டாலோ, ரெஜிஸ்ட்ரி வெறுமையாகிவிடும். டி டிரைவில் 100 ஜிபி விளையாட்டு அப்படியே கிடக்கும். விண்டோஸுக்கு அது யாரென்றே தெரியாது.

இன்னொரு காரணமும் உண்டு. புதிய விண்டோஸில் டிரைவ் எழுத்துகள் இடம் மாறிவிடுவது சகஜம். நேற்று வரை டி என்றிருந்தது இன்று இ ஆகியிருக்கும். லாஞ்சர் பழைய எழுத்தில் தேடி, இல்லையென்று கைவிரிக்கும். 'டிஸ்க் மேனேஜ்மென்ட்' பகுதிக்குப் போய்ப் பழைய எழுத்தைத் திருப்பிக் கொடுத்தாலே பல விளையாட்டுகள் உயிர்பெற்றுவிடும்.

மென்பொருள் உள்ளே இருந்தும் வழி தெரியாமல்போவது அலுவலகங்களிலும் நடந்திருக்கிறது. 2023 ஜனவரி 13 அன்று மைக்ரோசாஃப்ட் டிஃபெண்டரின் ஓர் அப்டேட், பல அலுவலகக் கணினிகளில் ஸ்டார்ட் மெனுவிலும் டாஸ்க்பாரிலும் இருந்த ஷார்ட்கட்களை அழித்தது. மென்பொருள்கள் எல்லாம் உள்ளேயே பத்திரமாக இருந்தன. கதவுகள்தான் காணாமல்போயின.

லாஞ்சர்களுக்குப் பழைய முகவரியை நினைவூட்டும் வழிகள் ஒவ்வொன்றுக்கும் ஒவ்வொரு விதம்:

ஸ்டீமில் 'செட்டிங்ஸ்' சென்று 'ஸ்டோரேஜ்' பகுதியில், விளையாட்டுகள் இருக்கும் பழைய டிரைவைச் சேர்க்க வேண்டும். 'ஸ்டீம்ஆப்ஸ்' ஃபோல்டருக்குள் ஒவ்வொரு விளையாட்டுக்கும் 'ஆப்மேனிஃபெஸ்ட்' என்று தொடங்கும் சிறு கோப்பு இருக்கும். அது இருந்தால் விளையாட்டு உடனே பட்டியலில் வந்துவிடும். அது அழிந்திருந்தாலும் கவலை வேண்டாம். பழைய இடத்தையே காட்டி 'இன்ஸ்டால்' அழுத்தினால், ஸ்டீம் இருக்கும் கோப்புகளைச் சரிபார்த்து, குறைவதை மட்டும் டவுன்லோடு செய்யும்.

எபிக் கேம்ஸ் லாஞ்சர் இவ்வளவு இணக்கமானதல்ல. விளையாட்டின் ஃபோல்டருக்குத் தற்காலிகமாக வேறு பெயர் வைக்க வேண்டும். அதே இடத்தில் புதிதாக இன்ஸ்டால் தொடங்கி, சில சதவீதம் ஏறியதும் நிறுத்தி, லாஞ்சரை மூட வேண்டும். புதிதாக உருவான ஃபோல்டரை நீக்கிவிட்டு, பழைய ஃபோல்டருக்கு அதன் பெயரைத் திருப்பிக் கொடுத்துத் தொடரச் சொன்னால், இருப்பதைச் சரிபார்த்து ஏற்றுக்கொள்ளும்.

பேட்டில்நெட், யுபிசாஃப்ட் கனெக்ட் இரண்டிலும் 'விளையாட்டு இருக்குமிடத்தைக் காட்டு' என்ற வசதி நேரடியாகவே உண்டு. ஜி.ஓ.ஜி. கேலக்ஸியில் பழைய ஃபோல்டரை இறக்குமதி செய்துகொள்ளலாம்.

ஐகானை அழுத்தியதும் ஏதோவொரு டி.எல்.எல். கோப்பு இல்லையென்று செய்தி வந்தால், விளையாட்டில் கோளாறு இல்லை. அது சார்ந்திருக்கும் பழைய டைரக்ட்எக்ஸ் கோப்புகளோ விஷுவல் சி++ தொகுப்போ புதிய விண்டோஸில் ஏறவில்லை. இரண்டையும் மைக்ரோசாஃப்ட் இலவசமாகவே தருகிறது. கண்ட கண்ட தளங்களிலிருந்து தனி டி.எல்.எல். கோப்பை இறக்குவது வைரஸுக்குக் கதவு திறப்பது.

---
பெட்டிச் செய்தி: முதல் பத்து நாள்

• அப்கிரேடு முடிந்ததும் சி டிரைவில் 'விண்டோஸ்.ஓல்டு' என்ற ஃபோல்டர் உருவாகும். பழைய விண்டோஸ், பழைய புரோகிராம் ஃபைல்ஸ், பழைய யூஸர் கோப்புகள் அதற்குள் இருக்கும்.

• பொதுவாகப் பத்து நாள் கழிந்ததும் விண்டோஸே அதை நீக்கிவிடும். அதற்குள் தேவையானதை வெளியே எடுத்து வைக்க வேண்டும்.

• அந்தப் பத்து நாளுக்குள் 'செட்டிங்ஸ் – சிஸ்டம் – ரெக்கவரி' வழியாகப் பழைய விண்டோஸுக்கே திரும்பவும் முடியும்.

• இடம் போதவில்லையென்று 'டிஸ்க் கிளீனப்' ஓட்டினால் அந்த ஃபோல்டரும் சேர்ந்து போய்விடக்கூடும். எல்லாம் கிடைத்துவிட்டது என்று உறுதியாகும் வரை அதைத் தொடாதீர்கள்.

• எஸ்.எஸ்.டி. டிஸ்க்கில் அழிந்த கோப்பை மீட்பு மென்பொருள் வைத்துத் திரும்பப் பெறுவது பெரும்பாலும் நடக்காது. அழிந்த இடத்தை அந்த டிஸ்க் தானாகவே துடைத்துவிடும். பழைய ஹார்ட் டிஸ்க்கில் அதன்மேல் புதிதாக எதையும் எழுதாமல் இருந்தால் வாய்ப்பு உண்டு.
---

கேம் திரும்பும்; ஆடிய ஆட்டம்?

விளையாட்டைக் கடையிலிருந்து மறுபடி இறக்கிக்கொள்ளலாம். அதில் ஒரு பிள்ளை கட்டிய ஊரை யார் தருவார்?

30 கோடிப் பிரதிகளுக்கு மேல் விற்ற 'மைன்கிராஃப்ட்' விளையாட்டை எடுத்துக்கொள்வோம். அதன் ஜாவா பதிப்பில் கட்டும் உலகங்கள் யூஸர் ஃபோல்டருக்குள் 'ஆப்டேட்டா', அதற்குள் 'ரோமிங்', அதற்குள் 'மைன்கிராஃப்ட்', அதற்குள் 'சேவ்ஸ்' என்ற இடத்தில் இருக்கின்றன. ஆப்டேட்டா மறைக்கப்பட்ட ஃபோல்டர். சாதாரணமாகத் திறந்து பார்த்தால் கண்ணில் படாது. ஓ.எஸ். போடுமுன் பேக்கப் எடுப்பவர்கள் வழக்கமாக எடுப்பது டெஸ்க்டாப், டாக்குமென்ட்ஸ், டவுன்லோட்ஸ், போட்டோக்கள். ஆப்டேட்டா யார் நினைவுக்கும் வருவதில்லை. மூன்றாம் வகுப்பில் கட்டத் தொடங்கி எட்டாம் வகுப்பு வரை வளர்த்த நகரம், டிஸ்க்கை ஃபார்மட் செய்யும் ஒரு சொடுக்கில் இல்லாமல்போகும். எந்தக் கடையிலும் அதற்கு மாற்று கிடையாது.

ஆடிய நிலையைப் பதிந்து வைக்கும் சேவ் கோப்புகள் ஒரே இடத்தில் இருப்பதுமில்லை. சில விளையாட்டுகள் டாக்குமென்ட்ஸில் 'மை கேம்ஸ்' ஃபோல்டரில் வைக்கும். சில 'சேவ்டு கேம்ஸ்' ஃபோல்டரில். பல ஆப்டேட்டாவின் 'லோக்கல்', 'லோக்கல்லோ', 'ரோமிங்' மூன்றில் ஒன்றில். விண்டோஸ் விஸ்டாவுக்கு முந்தைய பழைய விளையாட்டுகள் தங்கள் சொந்த ஃபோல்டரிலேயே எழுதப் பார்க்கும். பாதுகாப்புக்காக விண்டோஸ் அதைத் தடுத்து, ஆப்டேட்டாவுக்குள் 'வர்ச்சுவல்ஸ்டோர்' என்ற இடத்துக்குத் திருப்பிவிடும். விளையாட்டின் ஃபோல்டரைக் கவனமாகக் காப்பி எடுத்தவர்கள்கூட, ஆடிய ஆட்டம் அதில் இல்லாததைக் கண்டு திகைப்பது இதனால்தான்.

ஒன்டிரைவ் இன்னொரு குழப்பம். விண்டோஸ் 11-ஐ முதல்முறை இயக்கும்போது டாக்குமென்ட்ஸை ஒன்டிரைவில் பேக்கப் செய்யும் வசதியும் வரும். அது இயங்கினால் டாக்குமென்ட்ஸ் ஃபோல்டரின் இருப்பிடமே ஒன்டிரைவுக்குள் போய்விடும். விளையாட்டு ஓரிடத்தில் தேட, சேவ் வேறிடத்தில் இருக்கும். அழிந்துவிட்டது என்று முடிவுகட்டுமுன் இரண்டு டாக்குமென்ட்ஸையும் திறந்து பார்க்க வேண்டும்.

கிளவுட் சேவ் இருக்கிறதே என்று நிம்மதியாக இருக்கவும் முடியாது. எல்லா விளையாட்டுகளும் அந்த வசதியைத் தருவதில்லை. தருபவையும் புதிய கணினியில் முதல்முறை திறக்கும்போது, 'கணினியில் உள்ளதா, கிளவுடில் உள்ளதா, எதை வைத்துக்கொள்ள?' என்று கேட்கக்கூடும். தேதியைப் படிக்காமல் அவசரத்தில் அழுத்தினால், இன்று தொடங்கிய வெற்று ஆட்டம் பழைய சேவ்மீது எழுதப்பட்டுவிடும்.

இயங்குதளமே கோப்பை அழித்த கதையும் உண்டு. 2018 அக்டோபர் 2 அன்று விண்டோஸ் 10-ன் 1809 பதிப்பு வந்தது. டாக்குமென்ட்ஸ் போன்ற ஃபோல்டர்களை வேறு டிரைவுக்கு மாற்றி வைத்திருந்த சிலருடைய பழைய இடத்துக் கோப்புகளை அது நீக்கிவிட்டது. அக்டோபர் 6-ம் தேதி மைக்ரோசாஃப்ட் அந்த வெளியீட்டை நிறுத்தி வைத்தது. புகார் செய்தவர்கள் பத்தாயிரத்தில் ஒருவர் என்ற அளவில்தான் என்று நிறுவனம் சொன்னது. கோடிக்கணக்கான கணினிகளில் பத்தாயிரத்தில் ஒன்று என்பது சின்னக் கணக்கல்ல. கோப்பை இழந்தவருக்கோ அது முழு இழப்பு.

இருந்தும் ஓடாத கேம்கள்

இரண்டாவது வகை இன்னும் கடினமானது. கோப்பும் இருக்கிறது, முகவரியும் சரி. புதிய தளம் அதை ஏற்க மறுக்கிறது.

பிரவுசிங் சென்டர் காலத்தில் வளர்ந்தவர்களுக்கு 'டேஞ்சரஸ் டேவ்' தெரியும். டாஸ் காலத்து 16 பிட் விளையாட்டு. 64 பிட் விண்டோஸில் 16 பிட் புரோகிராம்களை இயக்கும் பகுதியே கிடையாது. விண்டோஸ் 10 வரை 32 பிட் பதிப்பு என்ற புகலிடம் இருந்தது. விண்டோஸ் 11-க்கு 32 பிட் பதிப்பே இல்லை. அந்தத் தலைமுறை விளையாட்டுகளுக்கு விண்டோஸின் கதவு நிரந்தரமாகச் சாத்தப்பட்டுவிட்டது. இனி 'டாஸ்பாக்ஸ்' போன்ற எமுலேட்டர் மென்பொருள்தான் வழி. அதை உருவாக்கி 2002 முதல் இலவசமாகத் தந்துவருபவர்கள் தன்னார்வலர்கள்.

அடுத்தது, காசு கொடுத்துச் சிடி வாங்கியவர்களுக்கு நேர்ந்த அநீதி. 2000-களில் திருட்டுக் காப்பியைத் தடுக்க 'சேஃப்டிஸ்க்' போன்ற பூட்டுகளைச் சிடியில் வைத்தார்கள். அந்தப் பூட்டு விண்டோஸின் ஆழத்தில் ஒரு டிரைவர் வழியாக வேலை செய்தது. அதில் பாதுகாப்பு ஓட்டை இருந்ததால் 2015-ல் விண்டோஸ் 10 அதைச் சேர்க்கவில்லை. அதே ஆண்டு செப்டம்பரில் வந்த பாதுகாப்பு அப்டேட், பழைய விண்டோஸ்களிலும் அதை முடக்கியது. பாதுகாப்புக் கோணத்தில் அது சரியான முடிவு. ஆனால் 'தி சிம்ஸ்', 'பேட்டில்ஃபீல்டு 1942' போன்றவற்றின் அசல் சிடிகளை அலமாரியில் வைத்திருந்தவர்களால் அவற்றை இயக்க முடியவில்லை. பூட்டை உடைத்த திருட்டுக் காப்பி வைத்திருந்தவருக்கு எந்தச் சிக்கலும் வரவில்லை. நேர்மையாக வாங்கியவர் வெளியே நின்றார்.

ஆப்பிள் பக்கமும் இதே கதைதான். 2019 அக்டோபரில் வந்த மேக்ஓஎஸ் கேட்டலினா, 32 பிட் மென்பொருள்களை மொத்தமாக நிறுத்தியது. 'ஹாஃப்-லைஃப் 2', 'லெஃப்ட் 4 டெட் 2' போன்றவற்றின் மேக் பதிப்புகள் ஒரே இரவில் இயங்காத பொருள்களாயின. ஐபோனில் 2017-ல் ஐஓஎஸ் 11 இதையே செய்திருந்தது.

புதிய விளையாட்டுகளுக்கும் விலக்கில்லை. விண்டோஸ் 11-ல் 'வேலரன்ட்' ஓட வேண்டுமானால் டி.பி.எம். 2.0, செக்யூர் பூட் என்ற பாதுகாப்பு வசதிகள் இரண்டும் இயக்கத்தில் இருக்க வேண்டும். அப்கிரேடுக்குப் பிறகு அது திறக்க மறுத்தால், முதலில் பார்க்க வேண்டியது பயாஸ் அமைப்பை. 24எச்2 வந்த புதிதில் 'அசாசின்ஸ் கிரீட் வல்ஹாலா' உள்ளிட்ட யுபிசாஃப்ட் விளையாட்டுகள் சில உறைந்தன, கறுப்புத் திரை காட்டின. அந்த விளையாட்டுகள் இருந்த கணினிகளுக்கு 24எச்2 போவதை மைக்ரோசாஃப்டே 2024 நவம்பரில் நிறுத்தி வைத்தது. அப்டேட் வரவில்லையே என்று அவசரப்பட்டுக் கையால் இழுத்துப் போடுவது இத்தகைய நேரத்தில் ஆபத்து.

பழைய விளையாட்டுகளுக்குச் செய்து பார்க்க வேண்டிய எளிய முயற்சிகள் இரண்டு. விளையாட்டின் இயக்கக் கோப்பை வலது சொடுக்கி, 'பிராப்பர்ட்டீஸ்' பகுதியில் 'கம்பாட்டிபிலிட்டி'யைப் பழைய விண்டோஸுக்கு மாற்றுவது ஒன்று. 'விண்டோஸ் ஃபீச்சர்ஸ்' பட்டியலில் 'லெகஸி காம்போனென்ட்ஸ்' என்பதன் கீழ் இருக்கும் 'டைரக்ட்பிளே'யை இயக்குவது இன்னொன்று. 1990-களின் இறுதியில் வந்த விளையாட்டுகளில் பல இவற்றாலேயே எழுந்து நிற்கும்.

---
பெட்டிச் செய்தி: விண்டோஸே எடுத்துக்கொண்டவை

• சாலிடேர்: மைக்ரோசாஃப்டில் பயிற்சிக்கு வந்த வெஸ் செர்ரி 1988-ல் எழுதியது. சீட்டுகளை வரைந்தவர் சூசன் கேர். 1990-ல் விண்டோஸ் 3.0-உடன் வந்தது. மவுஸால் இழுத்து வைக்கப் பழகுவதற்கு உலகுக்கே பாடமாக இருந்தது. 2019-ல் உலக வீடியோ கேம் ஹால் ஆஃப் ஃபேமில் இடம்பிடித்தது.

• பின்பால்: எக்ஸ்பி காலத்து 'ஸ்பேஸ் கேடட்'. 64 பிட்டுக்கு மாற்றும் வேலையின்போது பந்து தடுப்புகளுக்கு ஊடாகப் புகுந்து கீழே விழுந்தது. பழைய நிரலில் காரணத்தைக் கண்டுபிடிக்க முடியவில்லை என்று மைக்ரோசாஃப்ட் பொறியாளர் ரேமண்ட் சென் பின்னாளில் எழுதினார். விஸ்டாவில் அது இல்லை.

• விண்டோஸ் 7 புரொஃபஷனல்: விளையாட்டுகள் உள்ளே இருந்தும் அணைத்து வைக்கப்பட்டிருந்தன. 'விண்டோஸ் ஃபீச்சர்ஸ்' பட்டியலில் ஒரு டிக் போட்டால் வந்துவிடும்.

• விண்டோஸ் 8 (2012): சாலிடேர், மைன்ஸ்வீப்பர், ஃப்ரீசெல் எல்லாம் நீக்கப்பட்டன. மைக்ரோசாஃப்ட் ஸ்டோரிலிருந்து இறக்கும் சாலிடேரில் விளம்பரம் வரும். அது வேண்டாமென்றால் சந்தா கட்ட வேண்டும்.
---

விலை கொடுப்பது யார்?

இப்படித் தொலைந்த விளையாட்டை மறுபடி இறக்குவது எல்லோருக்கும் ஒரே சுமை அல்ல. 'பால்டர்ஸ் கேட் 3' விளையாட்டுக்கு 150 ஜிபி இடம் வேண்டும். 40 எம்.பி.பி.எஸ். வேகத்தில் தடையின்றி இறங்கினால்கூட எட்டு மணி நேரத்துக்கு மேல் ஆகும். ஃபைபர் இணைப்பு இல்லாமல், நாளுக்கு 2 ஜிபி தரும் மொபைல் பிளானை ஹாட்ஸ்பாட்டாக வைத்துக் கணினி ஓட்டும் வீட்டில், அந்த டேட்டா முழுவதையும் இதற்கே கொடுத்தாலும் 75 நாள். டி டிரைவில் கிடக்கும் ஃபோல்டரை லாஞ்சருக்குக் காட்டத் தெரிந்திருந்தால் இந்தச் செலவில் பெரும்பகுதி மிச்சம். தொழில்நுட்பம் தெரிந்தவருக்குச் சில நிமிட வேலை, தெரியாதவருக்கு மாதக்கணக்கில் இழப்பு. இந்த இடைவெளியைக் குறைக்கும் பொறுப்பு லாஞ்சர் செய்பவர்களுடையது. கணினியில் இருக்கும் விளையாட்டைத் தானே தேடிக் கண்டுபிடிக்கும் ஒரு பொத்தானை எல்லா லாஞ்சரும் வைக்கலாம். அதைத் தடுக்கத் தொழில்நுட்பக் காரணம் எதுவும் இல்லை.

அப்கிரேடே வேண்டாம் என்று இருந்துவிடலாமா? அந்த வழியும் அடைபட்டுக்கொண்டே வருகிறது. 2024 ஜனவரி 1 முதல் விண்டோஸ் 7, 8 இரண்டுக்கும் ஸ்டீம் ஆதரவை நிறுத்திவிட்டது. அந்த விண்டோஸில் ஆடுவதற்காகவே வாங்கிய விளையாட்டுகளும் அதில் அடக்கம். விண்டோஸ் 10-க்கும் ஒருநாள் இதே நிலை வரும்.

விண்டோஸ் 11-க்கு டி.பி.எம். 2.0 வேண்டும். இன்டெல் என்றால் பெரும்பாலும் எட்டாம் தலைமுறை அல்லது அதற்குப் பிந்தைய பிராசசர் வேண்டும். தமிழ்நாட்டில் 2011-ல் தொடங்கிய விலையில்லா மடிக்கணினித் திட்டத்தின் முதல் ஆண்டுகளில் கிடைத்த கணினிகள் எதுவும் இந்தத் தகுதிக்குள் வராது. எத்தனையோ கிராமத்து வீடுகளுக்குள் நுழைந்த முதல் கணினி அது. பாடத்தோடு விளையாட்டையும் அங்கேதான் பிள்ளைகள் முதன்முதலாகக் கண்டார்கள். அப்படிப்பட்ட கணினிகளுக்கு லினக்ஸ் ஒரு மாற்று. பழைய விளையாட்டுகள் பலவற்றை அதில் 'ஒயின்', 'டாஸ்பாக்ஸ்' துணையோடு ஓட்டலாம். பழைய கணினியைக் காயலாங்கடைக்குப் போடுமுன் இதை ஒருமுறை முயன்று பார்ப்பது நல்லது.

வாங்கியது யாருக்குச் சொந்தம்?

மூன்றாவது வகைக்கு எந்த மீட்பு வழியும் கிடையாது. 2014-ல் வந்த 'தி க்ரூ' கார் பந்தய விளையாட்டு எப்போதும் சர்வருடன் இணைந்திருக்க வேண்டியது. 2024 மார்ச் 31 அன்று யுபிசாஃப்ட் அந்த சர்வரை மூடியது. தனியாக ஆடும் பகுதிகூட அதோடு நின்றது. கோப்பு இருக்கிறது, சிடி இருக்கிறது, காசு கொடுத்த ரசீது இருக்கிறது. விளையாட்டு இல்லை. ராஸ் ஸ்காட் என்பவர் தொடங்கிய 'ஸ்டாப் கில்லிங் கேம்ஸ்' இயக்கம் இதிலிருந்துதான் எழுந்தது. விற்ற விளையாட்டைக் கைவிடும்போது, வாங்கியவர்கள் தொடர்ந்து ஆடும் நிலையில் அதை விட்டுச் செல்ல வேண்டும் என்பது அவர்கள் கோரிக்கை. ஐரோப்பிய ஒன்றியத்தில் அவர்கள் கொண்டுவந்த குடிமக்கள் மனு, தேவையான 10 லட்சம் கையெழுத்தை 2025 ஜூலையில் தாண்டியது.

அமெரிக்காவின் கலிஃபோர்னியா மாநிலம் 2024-ல் ஒரு சட்டம் கொண்டுவந்தது. கடைக்காரர் பறித்துக்கொள்ளக்கூடிய உரிமத்தை மட்டும் விற்றுவிட்டு, அதை வெளிப்படையாகச் சொல்லாமல் 'வாங்கு' என்று எழுதக் கூடாது என்கிறது அது. 2025 தொடக்கத்தில் நடைமுறைக்கு வந்தது. இந்தியாவில் விற்கும் அதே கடைகளுக்கு இங்கேயும் அந்தக் கட்டாயம் வர வேண்டும். நம் வாடிக்கையாளர் கொடுப்பதும் அதே காசுதான்.

இழப்பின் அளவை வீடியோ கேம் ஹிஸ்டரி ஃபவுண்டேஷன் 2023-ல் வெளியிட்ட ஆய்வு காட்டுகிறது. 2010-க்கு முன் அமெரிக்காவில் வெளிவந்த விளையாட்டுகளில் 87 சதவீதம் இன்று விற்பனையிலேயே இல்லை. நூலகங்கள் அவற்றைத் தொலைவிலிருக்கும் ஆய்வாளர்களுக்குத் திறந்துவிட அனுமதி கேட்டபோது, அமெரிக்கப் பதிப்புரிமை அலுவலகம் 2024 அக்டோபரில் மறுத்துவிட்டது.

நம்பிக்கை தரும் முன்மாதிரிகளும் இல்லாமலில்லை. 2019 ஜூனில், லினக்ஸ் வகையான உபுண்டுவின் அடுத்த பதிப்பில் 32 பிட் தொகுப்புகளை நீக்கப்போவதாக கனோனிகல் நிறுவனம் அறிவித்தது. அப்படியானால் அந்தப் பதிப்பை ஸ்டீம் ஆதரிக்காது என்றார்கள், அதை நடத்தும் வால்வ் நிறுவனத்தின் தரப்பில். பயனாளர்களும் சேர்ந்து குரல் கொடுத்தார்கள். சில நாளிலேயே முடிவு திருத்தப்பட்டது. இன்டெல் காலத்து மென்பொருள்களைப் புதிய மேக்கில் இயக்கும் 'ரொசெட்டா' வசதியை முடிவுக்குக் கொண்டுவரப்போவதாக 2025-ல் சொன்ன ஆப்பிள், பராமரிப்பார் இல்லாத பழைய விளையாட்டுகளுக்காக மட்டும் அதில் ஒரு பகுதியை விட்டுவைப்பதாகவும் சொன்னது. 2008-ல் போலந்தில் தொடங்கிய ஜி.ஓ.ஜி., லாஞ்சரே தேவைப்படாத இன்ஸ்டாலர் கோப்பைக் கையில் கொடுத்துவிடுகிறது. 2024 நவம்பரில், புதிய கணினிகளிலும் பழைய விளையாட்டுகளை ஓடவைக்கும் பொறுப்பைத் தானே ஏற்கும் திட்டத்தை 100 விளையாட்டுகளோடு தொடங்கியது. மனமிருந்தால் செய்ய முடிகிற வேலைதான் இது.

---
பெட்டிச் செய்தி: அப்கிரேடுக்கு முன்பு

• யூஸர் ஃபோல்டர் முழுவதையும், மறைந்திருக்கும் ஆப்டேட்டாவோடு சேர்த்து, வெளி ஹார்ட் டிஸ்க்கில் காப்பி எடுங்கள்.

• சி டிரைவில் இருக்கும் விளையாட்டுகளை லாஞ்சர் வழியாகவே வேறு டிரைவுக்கு மாற்றுங்கள்.

• ஒவ்வொரு லாஞ்சருக்கும் உரிய மின்னஞ்சல், பாஸ்வேர்டு இரண்டையும் எழுதி வையுங்கள். கணக்கு தொலைந்தால் அதிலுள்ள விளையாட்டு எல்லாமே தொலையும்.

• கடையில் கொடுத்தால், 'டி டிரைவைத் தொடாதீர்கள், சி டிரைவில் யூஸர் ஃபோல்டரை எடுத்து வைத்துவிட்டு ஓ.எஸ். போடுங்கள்' என்று தெளிவாகச் சொல்லுங்கள்.

• மைக்ரோசாஃப்ட் ஸ்டோரிலிருந்து இறக்கிய விளையாட்டை அன்இன்ஸ்டால் செய்தால் சேவும் சேர்ந்து அழியலாம். முதலில் சேவை வெளியே எடுங்கள்.
---

நம் கையில் இருப்பதே திரும்பும்

இத்தனை விவரங்களையும் அடுக்கிப் பார்த்தால் ஒன்று புலப்படும். திரும்பி வந்த விளையாட்டுகள் எல்லாம், கோப்பு யாரோ ஒருவர் கையில் இருந்ததால் வந்தவை. டி டிரைவில் கிடந்த ஃபோல்டர், தன்னார்வலர் வைத்திருந்த டாஸ் காப்பி, ஜி.ஓ.ஜி. கொடுத்த இன்ஸ்டாலர், பிள்ளை பென் டிரைவில் எடுத்து வைத்த உலகம். திரும்பாதவை, சாவியை வேறொருவரிடம் விட்டு வைத்தவை.

விளையாட்டுதானே என்று இதைக் கடந்துவிடக் கூடாது. கணினியில் நம் பிள்ளைகள் முதலில் உருவாக்குவது பெரும்பாலும் ஒரு விளையாட்டுக்குள்தான். அதைப் பாதுகாக்கக் கற்றுக்கொள்ளும் பிள்ளை, நாளை தன் எழுத்தையும் படத்தையும் வேலையையும் பாதுகாக்கும். எனவே அப்கிரேடு அறிவிப்பு திரையில் வந்ததும் பெற்றோர் செய்ய வேண்டிய முதல் காரியம், பிள்ளையை அருகில் அழைத்து, "உன் சேவ் எங்கே இருக்கிறது? இருவரும் சேர்ந்து எடுத்து வைப்போம்" என்று கேட்பது.

அரசும் நிறுவனங்களும் செய்ய வேண்டியவை மூன்று. ஒன்று, அப்கிரேடுக்கு முன்பே எந்த விளையாட்டு ஓடாது, எந்தக் கோப்பு இடம் மாறும் என்பதைப் பயனாளருக்குப் புரியும் மொழியில் விண்டோஸ் சொல்ல வேண்டும். இரண்டு, வாங்கிய விளையாட்டின் சேவ் கோப்பை ஒரே சொடுக்கில் வெளியே எடுக்கும் வசதி எல்லா விளையாட்டிலும் இருக்க வேண்டும். மூன்று, கைவிடப்படும் விளையாட்டைப் பூட்டு நீக்கி, வாங்கியவர்களிடமும் நூலகங்களிடமும் ஒப்படைக்கச் சட்டம் வேண்டும். இவை சலுகைகள் அல்ல. காசு கொடுத்து வாங்கியவரின் உரிமை.